சமகாலக் கலை விமர்சனம் எழுதுவது எப்படி: சேலத்தில் இருந்து தொடங்குபவருக்கு முழுமையான வழிகாட்டி

சமகாலக் கலை பற்றி முதல்முறை எழுதுகிறவர்களின் கட்டுரைகள் பெரும்பாலும் ஒரே இடத்தில் சறுக்குகின்றன. முதல் பத்தியிலேயே பின்நவீனத்துவம், கட்டுடைப்பு, பெருங்கதையாடல் எல்லாம் வந்து இறங்கிவிடும். அந்தப் படைப்பு எதனால் ஆனது, எவ்வளவு உயரம், தரையில் கிடந்ததா, சுவரில் தொங்கியதா என்பது மட்டும் கடைசி வரி வரை தெரியாது. இது வரிசைக் கோளாறு. கடைசியில் எடுக்க வேண்டிய கோட்பாட்டை முதலில் எடுத்துவிடுகிறார்கள். கீழே உள்ள படிகளை இதே வரிசையில் செய்தால் பாதிச் சிக்கல் தானாகத் தீரும்.

1. புறப்படும் முன்

கோடு போடாத நோட்டு ஒன்று, பென்சில் இரண்டு. படைப்புகளுக்கு அருகே மைப்பேனாவை அனுமதிக்காத கூடங்கள் உண்டு. பென்சில் என்றால் பெரும்பாலும் தடுக்க மாட்டார்கள்.

நோட்டின் ஒவ்வொரு பக்கத்தையும் மூன்றாகப் பிரித்து, மேலே ‘கண்டது’, ‘படித்தது’, ‘ஊகம்’ என்று எழுதுங்கள். இந்த வழிகாட்டியில் ஒன்றே ஒன்றைத்தான் கடைப்பிடிக்க முடியும் என்றால் இதைக் கடைப்பிடியுங்கள். வீட்டுக்கு வந்து எழுத உட்காரும்போது எது நம் கண்ணில் பட்டது, எது சுவரில் எழுதியிருந்தது என்பது மறந்துபோகும். அப்போது கண்காட்சியைத் தொகுத்தவரான கியூரேட்டரின் கருத்து நம் கருத்தாகக் கட்டுரைக்குள் நுழைந்துவிடும்.

அளவு நாடாவை நீட்ட விடமாட்டார்கள். அதனால் உங்கள் ஒரு எட்டு எத்தனை அடி, ஒரு சாண் எத்தனை அங்குலம் என்று வீட்டிலேயே அளந்து வைத்துக்கொள்ளுங்கள். தரையில் டைல்ஸ் பதித்திருந்தால் வேலை இன்னும் எளிது. ஒரு டைல்ஸின் நீளம் தெரிந்தால் மீதியை எண்ணிக்கொள்ளலாம்.

2. எங்கே பார்ப்பது

சேலத்திலிருந்து காலையில் கிளம்பி இரவு திரும்பிவிடக்கூடியது பெங்களூரு. அங்கே அரண்மனைச் சாலையில், மாணிக்யவேலு மாளிகையில் தேசிய நவீனக் கலைக்கூடம் இருக்கிறது. திங்கள்கிழமை விடுமுறை, இது தெரியாமல் போய்த் திரும்புகிறவர்கள் நிறையப் பேர். சென்னையில் கிரீம்ஸ் சாலை லலித் கலா அகாதெமியும், 1966இல் ஓவியர் கே.சி.எஸ். பணிக்கர் தலைமையில் உருவான சோழமண்டலம் ஓவியர் கிராமமும் உள்ளன. கொச்சிக்குப் போக எர்ணாகுளம் வரை நேரடி ரயில் உண்டு. 12-12-2012 அன்று தொடங்கிய கொச்சி–முசிறிஸ் பினாலே, அதாவது இரண்டாண்டுக்கு ஒருமுறை நடத்தப்படும் கலைக்கண்காட்சி, அங்கேதான் நடக்கிறது.

எங்கே போனாலும் ஒரு நாளைக்கு மூன்று படைப்பு போதும். பினாலே போன இடத்தில் எல்லா அறையையும் பார்த்தே தீர்வது என்று ஓடினால் நோட்டில் பெயர்ப்பட்டியல்தான் மிஞ்சும். முதல் ஒரு மணி நேரம் சும்மா சுற்றுங்கள். காலைப் பிடித்து நிறுத்திய மூன்றைத் தேர்ந்தெடுத்து, மீதி நாளை அவற்றுக்குக் கொடுங்கள்.

3. ஊரிலேயே கைப்பழக்கம்

பயணத்துக்கு ஒரு மாதம் முன்பே இதைத் தொடங்க வேண்டும். பார்த்ததைச் சொல்லாக்கும் பழக்கம் கலைக்கூடத்துக்குள் நுழைந்த பிறகு வராது.

வீட்டில் இருக்கும் எவர்சில்வர் தூக்குவாளி ஒன்றை மேசைமேல் வைத்து, அதைப் பற்றி இருபது வாக்கியம் எழுதுங்கள். ‘அழகான’, ‘பழைய’, ‘எளிமையான’ மாதிரிச் சொற்கள் கூடாது. எட்டாவது வாக்கியத்தில் கை நின்றுவிடும். நிற்கட்டும். வாளியைத் திருப்பிப் பாருங்கள். விளிம்பு உள்பக்கம் மடிந்திருக்கிறதா, வெளிப்பக்கமா? கைப்பிடியைத் தாங்கும் காதுகளை ரிவெட் அடித்துப் பொருத்தியிருக்கிறார்களா, ஸ்பாட் வெல்டிங்கா? ஸ்பாட் வெல்டிங் என்றால் சட்டைப் பொத்தானைவிடச் சிறிய வட்டப் பள்ளம் தெரியும். வயிற்றுப் பகுதியில் புள்ளி புள்ளியாகப் பேர் வெட்டியிருக்கிறதா? தேதியும் இருந்தால் அது சீர்ப் பாத்திரமாக இருக்கலாம். இந்தக் கடைசி வரியை மட்டும் ‘ஊகம்’ என்ற பகுதியில் எழுதுங்கள். தேதி கண்டது, சீர் என்பது ஊகம்.

சந்தேகம் வந்தால் கடைவீதியில் ஏதாவதொரு பாத்திரக்கடையில், “அண்ணா, இந்தக் காது எப்படிங்க ஒட்டியிருக்காங்க?” என்று கேளுங்கள். உலோகத்தில் செய்த சிற்பத்தைப் பற்றி எழுத அந்தப் பதில் பத்துப் பக்கக் கோட்பாட்டைவிட உதவும். உருக்காலை இருக்கிற ஊர்க்காரருக்குக் கிடைத்த வசதி இது. செவ்வாய்ப்பேட்டை கொலுசுப் பட்டறையும் அதே மாதிரிதான்.

அடுத்த பயிற்சி ஏற்காட்டில். கோடை விழாவின்போது அண்ணா பூங்காவில் வைக்கும் மலர் உருவங்களில் ஒன்றின் முன்னால் அரைமணி நேரம் நில்லுங்கள். பூக்கள் எதில் செருகப்பட்டிருக்கின்றன, எந்தப் பூ முதலில் வாடுகிறது, பின்பக்கம் எப்படி இருக்கிறது? எல்லாரும் முன்னால் நின்று செல்ஃபி எடுப்பார்கள். நீங்கள் பின்னால் போங்கள். ஒரு பொருள் எப்படி நிற்கிறது என்பது பின்பக்கத்தில்தான் தெரியும்.

மூன்றாவது, ஆடி மாத அம்மன் விழாவில் சேலத்தின் குகைப் பகுதியில் நடக்கும் வண்டி வேடிக்கை, புராண வேடமிட்டவர்களை ஏற்றிவரும் ஜோடித்த வண்டிகளின் ஊர்வலம். ஒரு வண்டியைத் தேர்ந்தெடுத்து, வேடமிட்டவர்கள் எத்தனை பேர், யார் அசைகிறார்கள், யார் சிலைபோல் இருக்கிறார்கள், விளக்கு எந்தப் பக்கத்திலிருந்து விழுகிறது, கூட்டம் கும்பிடுகிறதா கைதட்டுகிறதா என்று குறியுங்கள். இந்தக் குறிப்பைப் பத்திரமாக வையுங்கள். எட்டாம் படியில் தேவைப்படும்.

4. முதல் சுற்று: விவர அட்டையைப் படிக்காதீர்கள்

படைப்பின் முன்னால் பத்து நிமிடம் நில்லுங்கள். பக்கத்தில் இருக்கும் அட்டையையோ சுவர்க்குறிப்பையோ பார்க்க வேண்டாம். ‘இடப்பெயர்வின் வலி’ என்று ஒருமுறை படித்துவிட்டால், பிறகு ஒரு பெட்டியைப் பார்த்தாலும் அகதிதான் தெரிவார். பெட்டியின் பூட்டு திறந்திருந்ததைக் கண் விட்டுவிடும்.

இந்தச் சுற்றில் ‘கண்டது’ பகுதி மட்டும் நிரம்ப வேண்டும். வாசனை, ஒலி, அறையின் குளிர், பார்வையாளர் எந்த வழியாக நடக்க வேண்டியிருக்கிறது என்பதும் கண்டதில் சேரும். ஓர் இடத்தையே படைப்பாக அமைக்கும் நிறுவல் கலையில் (இன்ஸ்டலேஷன்) நடைபாதையும் படைப்பின் பகுதி.

காணொளி என்றால் நடுவில் நுழைந்து நடுவில் வெளியேறுவதுதான் எல்லாரும் செய்யும் தவறு. நீங்கள் நுழைந்த காட்சி மறுபடி வரும்வரை உட்காருங்கள். நாற்பது நிமிடம் ஓடுவது என்றால் நாற்பது நிமிடம். அவ்வளவு நேரம் இல்லையா, அதைப் பற்றி எழுதாமல் விட்டுவிடலாம்.

5. இரண்டாம் சுற்று: அளவு, எண்ணிக்கை, இணைப்பு

உங்கள் உடம்போடு ஒப்பிட்டு உயரத்தை எழுதுங்கள்: முழங்கால் வரை, கண் மட்டம், அண்ணாந்து பார்க்க வேண்டியது. சென்டிமீட்டரை அட்டை சொல்லிவிடும். அண்ணாந்து பார்க்கச் செய்ததா, குனிய வைத்ததா என்பதை எந்த அட்டையும் சொல்லாது.

பிறகு எண்ணுங்கள். ‘ஏராளமான செருப்புகள்’ என்று எழுதியவர் எண்ணவில்லை என்று பொருள். எண்ண முடியாத அளவு இருந்தால் ஒரு சதுர அடியில் எத்தனை என்று எண்ணிப் பெருக்குங்கள். கட்டுரையில் ‘சுமார்’ போடுங்கள்.

கடைசியாக இணைப்புகள். தைத்ததா, கட்டியதா, வெல்டிங்கா, பசையா, வெறுமனே சாய்த்து வைத்ததா? எவருடைய உழைப்பு உள்ளே போயிருக்கிறது என்பதற்கு இணைப்புதான் சாட்சி. பெங்களூருவில் பணிபுரியும் கலைஞர் ஷீலா கௌடா நூலை ஊசிகளில் கோத்து, குங்குமமும் பசையும் தடவி, கயிறாகத் திரட்டிய வேலைகளை 1990களின் இறுதியில் செய்தார். தூரத்திலிருந்து பார்த்தால் சுவரிலும் தரையிலும் ஓடும் சிவப்புக் கோடு. கயிற்றின் நுனிக்குக் கிட்டே போனால் ஊசிகள் கொத்தாகத் தொங்குகின்றன. நுனியைப் பார்க்காதவர் ‘சிவப்பு என்பது இரத்தம்’ என்று எழுதிவிட்டுப் போய்விடுவார். பார்த்தவருக்குத் தையல், விரலில் குத்தல், பெண்களின் வீட்டு வேலை, அதை எத்தனை ஆயிரம் முறை திரும்பச் செய்ய வேண்டியிருக்கும் என்பதெல்லாம் எழுதக் கிடைக்கும்.

6. இப்போது அட்டையைப் படியுங்கள்

இனி ‘படித்தது’ பகுதி. அட்டையில் புதியவர்கள் தவறாகப் படிக்கும் இடங்கள் இவை.

அளவுகளில் உயரம் முதலில் வரும். பிறகு அகலம், கடைசியில் ஆழம். 60 × 90 என்றால் படுக்கைவாட்டுப் படம். மாற்றி எழுதினால் படம் எழுந்து நின்றுவிடும்.

‘அளவு மாறக்கூடியது’ என்று இருந்தால், இடத்துக்குத் தக்கபடி படைப்பு ஒவ்வொரு முறையும் வேறாக அமைக்கப்படுகிறது. அப்போது நீங்கள் பார்த்த அறையையும் விவரித்தாக வேண்டும்.

3/5 போன்ற எண் ஒளிப்படத்திலோ அச்சுப் படத்திலோ காணொளியிலோ இருந்தால் ஐந்து பிரதிகளில் மூன்றாவது. ‘ஒரே ஒரு மூலப்படைப்பு’ என்று உருகி எழுதியபின் இதைக் கவனித்தால் சங்கடம்.

இரண்டு ஆண்டுகள் இருந்தால் இரண்டையும் எழுதுங்கள். பிரெஞ்சுக் கலைஞர் மார்செல் துஷாம் 1917இல் நியூயார்க் கண்காட்சிக்கு ஆர். மட் என்ற பெயரில் கையெழுத்திட்டு அனுப்பிய சிறுநீர்க் கோப்பை காட்சிக்கு வைக்கப்படவில்லை, பிறகு தொலைந்தும்போனது. நமக்கு மிஞ்சியது ஆல்ஃபிரட் ஸ்டீக்லிட்ஸ் எடுத்த ஒளிப்படம். இன்று பெரிய அருங்காட்சியகங்களில் நிற்பவை பெரும்பாலும் 1964இல் துஷாமின் ஒப்புதலுடன் செய்த நகல்கள். ‘மூலத்தை நேரில் கண்டேன்’ என்று எழுதுகிறவர் கண்டது நகலை. அசலா நகலா என்பதையே கேள்வியாக்கிய ஒரு வேலையில் இந்தப் பிழை நேர்வது வேடிக்கைதான்.

7. விவரிப்புப் பத்தி, பிறகு மாற்றிப் பார்க்கும் சோதனை

அன்றிரவே, ரயிலிலாவது, 150 முதல் 200 சொற்களில் ஒரு பத்தி எழுதிவிடுங்கள். படைப்பைப் பார்க்காத ஒருவர் இதைப் படித்துவிட்டு ஒரு தாளில் தோராயமாக வரைய வேண்டும். நண்பரிடம் கொடுத்து வரையச் சொல்லுங்கள். அவர் தவறாக வரைகிற இடத்தில் உங்கள் வாக்கியம் பழுது.

‘பிரம்மாண்டம்’, ‘மனதை உலுக்கும்’, ‘கேள்விக்குட்படுத்துகிறது’ ஆகியவற்றை இப்போதே அடித்துவிடுங்கள். கடைசியாகச் சொன்ன வினைச்சொல் தமிழ்க் கலைக்கட்டுரைகளில் ரொம்ப நாளாக ஓவர்டைம் பார்க்கிறது. எதை, யாரிடம், எந்தக் கேள்வி என்று மூன்றும் சொல்ல முடிந்தால் வைத்துக்கொள்ளலாம்.

பத்தி தயாரானதும் மனதுக்குள் மூன்று மாற்றங்களைச் செய்து பாருங்கள். பொருளை மாற்றினால் என்ன ஆகும்? அளவை மாற்றினால்? இடத்தை மாற்றினால்? ஒன்றும் ஆகவில்லை என்றால், அந்த அம்சத்தைப் பற்றிக் கட்டுரையில் அதிகம் பேச வேண்டாம். அர்த்தம் குலைந்துபோனால் உங்கள் வாதம் அங்கேதான் இருக்கிறது.

இந்தியக் கலைஞர் சுபோத் குப்தாவை எடுத்துக்கொள்ளுங்கள். பளபளக்கும் பாத்திரங்களைக் கொண்டு அவர் செய்த மாபெரும் மண்டையோடு 2006இல் பாரிஸில் ஒரு தேவாலயத்தில் வைக்கப்பட்டது. பிறகு வெனிஸில், ஒரு கலைச் சேகரிப்பாளரின் காட்சிக்கூடமாக இருந்த கால்வாய்க் கரையோர மாளிகையான பலாட்சோ கிராசியின் முன் நின்றது. தேவாலயத்தில் மண்டையோடு என்றால் சாவை நினைவூட்டும் பழைய ஐரோப்பிய வழக்கம் உடனே பேசத் தொடங்கும். சேகரிப்பாளரின் மாளிகை வாசலில் அதே உருவம் சொத்தைப் பற்றிப் பேசுகிறது. இடம் மாறியதும் அர்த்தம் நகர்ந்துவிட்டது.

இப்போது பாத்திரத்தை மாற்றுவோம். அதே குப்தா 2011–13இல் செய்த வேறொரு வேலையில் இருப்பவை நசுங்கிய பழைய அலுமினியப் பாத்திரங்கள். குவியலுக்குள்ளிருந்து குழாய்கள் நீட்டிக்கொண்டு தண்ணீர் ஊற்றும். புதுப் பாத்திரம் கடையிலிருந்து வந்தது, பழையது அடுப்படியிலிருந்து வந்தது. தூக்குவாளிப் பயிற்சி செய்தவர் இந்த வித்தியாசத்தைத் தவறவிட மாட்டார். செய்யாதவர் இரண்டையும் ‘பாத்திரச் சிற்பம்’ என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்.

8. கோட்பாட்டை இங்கே எடுங்கள், ஒன்றே ஒன்றை

உங்கள் விவரிப்பில் விடை கிடைக்காமல் நிற்கும் ஒரு கேள்விக்கு உதவும் கருத்து எதுவோ அது போதும். பெயர்களை அடுக்கினால் கட்டுரை கனக்கும், தெளிவு வராது.

முதல் குழப்பம்: சமகாலமும் பின்நவீனமும் ஒன்றல்ல. சமகாலம் என்பது காலம். இப்போது செய்யப்படும் தஞ்சாவூர் ஓவியமும் காலத்தால் சமகாலத்தது. பின்நவீனம் ஒரு போக்கு: ஓவியம் ஓவியமாகவே, சிற்பம் சிற்பமாகவே இருக்க வேண்டும் என்ற ஊடகத் தூய்மையை விடுவது, பழையதை மேற்கோளாக எடுத்தாள்வது, 1979இல் பிரெஞ்சுத் தத்துவவாதி லியோதார் சொன்னதுபோல், எல்லாவற்றையும் ஒரே கதையால் விளக்கும் பெருங்கதையாடல்களை நம்ப மறுப்பது. 1990களில் நம் சிற்றிதழ்கள் இந்தச் சொற்களை அதிகமும் இலக்கியத்தை வைத்தே விவாதித்தன. அதனால் ஓவியத்துக்குப் போடும்போது சட்டை கொஞ்சம் தளர்ந்துதான் நிற்கும். பிடித்துத் தைக்க வேண்டும்.

எழுத்து தெரிந்தாலே பின்நவீனம் என்று முடிவுகட்டுவது இரண்டாவது. பணிக்கர் 1963 முதல் செய்த ‘சொற்களும் குறியீடுகளும்’ வரிசையில் எழுத்துப் போன்ற வடிவங்கள், கட்டங்கள், ஜாதகச் சாயல்கள் நிரம்பியிருக்கும். படிக்கப் போனால் படிக்க வராது. அங்கே எழுத்து கோடாகவும் இழையாகவும் வேலை செய்கிறது. உள்ளூர் மரபிலிருந்து ஒரு நவீன ஓவியமொழியைக் கட்டும் முயற்சி அது. நவீனத்தை நம்பிச் செய்தது.

மூன்றாவது, பிறர் படைப்பை எடுத்துத் தன் படைப்பாக்கும் எடுத்தாள்கையைத் திருட்டு என்பதோ, திருட்டையெல்லாம் எடுத்தாள்கை என்பதோ. அமெரிக்கக் கலைஞர் ஷெர்ரி லெவின் 1981இல், 1930களின் அமெரிக்கக் குத்தகை விவசாயிகளை வாக்கர் எவன்ஸ் எடுத்த படங்களை அச்சுப் புத்தகத்திலிருந்தே மறுபடி படமெடுத்துத் தன் பெயரில் காட்சிக்கு வைத்தார். எடுத்ததை மறைக்கவில்லை; தலைப்பிலேயே எவன்ஸ் பெயர் இருக்கிறது. மூலத்தை மறைத்திருக்கிறாரா, காட்டியிருக்கிறாரா என்று முதலில் பாருங்கள். ஏற்காடு சாலையில் நிற்கும், பழைய படநிறுவனமான மாடர்ன் தியேட்டர்ஸின் வளைவை ஒருவர் தெர்மாகோலில் செய்து கலைக்கூடத்தில் நிறுத்தினால் நீங்கள் கேட்க வேண்டிய கேள்வியும் அதுதான். கூடவே இன்னொன்று: கேலி செய்கிறாரா, ஏங்குகிறாரா, இரண்டும் இல்லாமல் வெறுமனே நகலெடுக்கிறாரா? கேலி என்றால் பகடி. கேலியே இல்லாத வெற்றுப் போலச்செய்தலைத்தான் அமெரிக்க விமர்சகர் ஃபிரெட்ரிக் ஜேம்சன் பாஸ்டிஷ் என்று பிரித்துக் காட்டினார்.

பிரெஞ்சு விமர்சகர் ரோலான் பார்த் 1967இல் எழுதிய ‘ஆசிரியனின் மரணம்’ அடுத்தது. ஆசிரியன் செத்துவிட்டான், எனவே எனக்குத் தோன்றியதெல்லாம் அர்த்தம் என்று எழுதுகிறார்கள். பார்த் தள்ளி வைத்தது ஆசிரியரின் நோக்கத்துக்கு இருந்த அதிகாரத்தை. பிரதியில் இல்லாததைச் சொல்ல அவர் உரிமம் கொடுக்கவில்லை. ‘கண்டது’ பகுதியில் ஆதாரம் இல்லாத வாசிப்பைக் கட்டுரையில் சேர்க்காதீர்கள்.

இனி வண்டி வேடிக்கைக் குறிப்பை எடுங்கள். புராண வேடம், சீரியல் விளக்கு, லாரி, தெருவே அரங்கு. இதைப் பின்நவீன நிறுவல் என்று எழுதிவிட ஆசை வரும்; மாணவர் கட்டுரைகளில் அடிக்கடி வருகிறது. உங்கள் குறிப்பில் கூட்டம் கும்பிட்டது என்று இருக்கிறதா? வேடத்தில் வந்தவரும் பார்த்தவரும் அம்மனை முன்னிட்டு நிற்கிறார்கள். அங்கே மேற்கோள் குறி இல்லை, நம்பிக்கை இருக்கிறது. கலப்பு மட்டுமே ஒன்றைப் பின்நவீனம் ஆக்காது. நாளை ஒரு கலைஞர் அதே வண்டியைக் கொச்சிக்குக் கொண்டுபோய் நிறுத்தினால் அது வேறு செயல். அப்போது ஜோடித்தவர் பெயர் அட்டையில் வருகிறதா, கூலி எவ்வளவு, கும்பிடாத கூட்டத்தின் முன் வேடம் என்ன ஆகிறது என்று எழுத விஷயம் இருக்கிறது.

9. கலைஞரிடம் பேசுவதானால்

விவரிப்புப் பத்திக்குப் பிறகு பேசுங்கள், முன்னால் வேண்டாம். “இதன் மூலம் என்ன சொல்ல வர்றீங்க?” என்று கேட்டால் சுவர்க்குறிப்பு வாய்வழியாகத் திரும்பி வரும். “இதை எப்படிச் செஞ்சீங்க சார்? எது சரியா வராம மறுபடி செஞ்சீங்க?” என்று கேளுங்கள். வெல்டிங், தையல், அச்சு என்று உதவியவர்கள் இருந்தால் அவர்களிடமும் கேளுங்கள். பதிலெல்லாம் ‘படித்தது’ பகுதிக்குத்தான் போகும். கலைஞரே சொன்னாலும் அது கண்டது ஆகிவிடாது.

10. தீர்ப்பு சொல்லும் இடம்

விளக்கிவிட்டு நழுவுவது விமர்சனம் ஆகாது. படைப்பு தானே எடுத்துக்கொண்ட வேலை என்ன, அதைச் செய்திருக்கிறதா, அந்த வேலை செய்யத் தகுந்ததா? மூன்றுக்கும் தனித்தனியே பதில் எழுதுங்கள். நன்றாகச் செய்யப்பட்ட அற்ப வேலையும் உண்டு, தடுமாறிய பெரிய வேலையும் உண்டு. இரண்டையும் ஒரே மதிப்பெண்ணில் அடைக்காதீர்கள்.

பிடிக்கவில்லை என்றால் எந்த இடத்தில் கைவிட்டது என்று காட்டுங்கள்: மூன்றாவது அறையில் ஒலி அடுத்த காணொளியோடு கலந்தது, நூறு செருப்பு செய்ததை நானூறு செருப்பு கெடுத்தது என்கிற மாதிரி. எழுதியவர் மேல் வாசகருக்கு நம்பிக்கை வருவது இப்படிப்பட்ட வரிகளால்தான்.

11. கட்டுரையைக் கட்டுவதும் திருத்துவதும்

1,200 சொல் கட்டுரை என்றால் விவரிப்புக்கு 300, செய்முறைக்கும் பின்னணிக்கும் 300, வாதத்துக்கு 400, தீர்ப்புக்கு 200. விவரிப்பு 300க்குக் கீழே போனால் மற்றவை காற்றில் நிற்கும்.

முதல் வரைவின் தொடக்கப் பத்தியை அப்படியே நீக்கிவிட்டுப் படித்துப் பாருங்கள். பெரும்பாலும் எதுவும் குறையாது. அது நாம் எழுத உட்கார்ந்ததற்கான இருமல். ஒவ்வொரு வாக்கியத்தின் ஓரத்திலும் க, ப, ஊ என்று குறியுங்கள். ‘ஊ’ தொடர்ந்து மூன்று வந்தால் நடுவில் ஒரு ‘க’ வேண்டும்.

இன்ஸ்டலேஷனா நிறுவலா என்று ஒன்றை முடிவுசெய்து கடைசிவரை அதையே எழுதுங்கள். கலைஞர் பெயரை அவர் உச்சரிக்கிற மாதிரி தமிழில் எழுதுங்கள்; தெரியாவிட்டால் கூடத்தில் கேட்டுக்கொள்ளுங்கள். அனுப்பும் முன் கலைஞர் பெயர், தலைப்பு, ஆண்டு, பொருள்கள், அளவு, நீங்கள் பார்த்த இடம், பார்த்த தேதி ஆகிய ஏழையும் அட்டையின் ஒளிப்படத்தோடு ஒப்பிடுங்கள். பார்த்த தேதியை விடவே கூடாது. பூவும் குங்குமமும் மயிரும் வைத்துச் செய்த படைப்பு முதல் வாரத்தில் இருந்ததுபோல் கடைசி வாரத்தில் இருக்காது.